புயல் போன பிறகும் போகாத பெயர்

என் மகள் பிறந்த அன்று கரையைக் கடந்த புயலின் பெயரை நான் இங்கே எழுதப்போவதில்லை. ஊர் அதைச் சொல்லிச் சொல்லி வாழவைத்தது போதும். என் மகளின் பெயரையும் எழுதப்போவதில்லை. அது முதலில் எங்கள் வீட்டுக்குள் புழங்கட்டும், அப்புறம் அச்சில் ஏறட்டும்.

அவளுக்கான பெயரை நான் பிறப்புக்கு ஆறேழு மாதம் முன்னாலேயே தேர்ந்துவிட்டேன். கத்திரி வெயிலில், வாந்தியும் மயக்கமுமாகக் கிடந்த நாட்கள். சாரம் பகுதியில் எங்கள் வீடு மேற்கு பார்த்தது, பகலெல்லாம் அடுப்புக்குள் இருப்பதுபோல இருக்கும். மத்தியானம் தாண்டிக் கடற்காற்று ஊருக்குள் நுழைந்து எங்கள் மொட்டைமாடிக்கு வந்து சேரும்வரை எனக்கு உயிர் உயிராக இருக்காது. அந்தக் காற்று கழுத்தில் பட்டதும்தான் ஒரு வாய் சோறு இறங்கும். அப்படி ஒரு சாயங்காலம், இளங்காற்று என்று பொருள்படும் ஓர் அரபுப் பெயர் நினைவுக்கு வந்தது. பெண் பிறந்தால் இதுதான் என்று கணவரிடம் சொன்னேன். தட்டாஞ்சாவடி பட்டறையிலிருந்து வந்து கைகழுவிக்கொண்டிருந்தவர், "நல்லாருக்கு" என்றார். அந்த ஒரு வார்த்தையை நம்பி நான் இருந்தேன் பாருங்கள், என்னைச் சொல்லவேண்டும்.

கார்த்திகை மழையில் ஆஸ்பத்திரியின் கீழ்த்தளத்தில் கணுக்கால் தண்ணீர். மின்சாரம் போய் ஜெனரேட்டர் இரைந்துகொண்டிருந்தது. நனைந்த புடவை ஓரத்தைப் பிழிந்துவிட்டு வந்த நர்ஸ் குழந்தையைத் தூக்கிக் காட்டி, வெளியே அடித்துக்கொண்டிருந்த புயலின் பெயரைச் சொல்லி, "இந்தா, வந்துட்டா" என்றார். வார்டே சிரித்தது. வலி தீர்ந்த மயக்கத்தில் நானும் சிரித்தேன். ஒருநாள் கூத்து என்றுதான் நினைத்தேன்.

என் கணவர் குழந்தையின் காதில் பாங்கு சொன்னார். பெயரை மட்டும் சொல்லவில்லை. அவர்கள் வீட்டுப் பழக்கம் அப்படி: பிள்ளையின் காதில் பெயரை வீட்டில் மூத்த ஆண்பிள்ளைதான் சொல்லவேண்டும். மாமனார் இல்லை. மூத்தவர் என்றால் கணவரின் அண்ணன், பிரெஞ்சுக் குடியுரிமை கார்டு உள்ள பெண்ணைக் கட்டிக்கொண்டு பாரிசுக்குப் போனவர். ஏழாம் நாள் முடியிறக்கும்போதாவது பெயர் வைத்துவிடலாம் என்று மாமியாரிடம் கெஞ்சினேன்.

"பெரியவன் வரட்டும். ஜூலையில வகான்ஸு லீவுக்கு வரேன்னுட்டான். பேரு எங்க ஓடிடப்போவுது?" என்றார்.

பெயர் ஓடவில்லைதான். ஆனால் அது இருக்கவேண்டிய இடத்தில் வேறொன்று வந்து உட்கார்ந்துகொண்டது. எட்டு மாதம் ஒரு குழந்தையை யாரும் கூப்பிடாமல் இருப்பார்களா? பால்காரர், பக்கத்து வீட்டுக்காரர், சொட்டு மருந்து ஊற்றிய பெண், எல்லாருக்கும் வாகாக அந்தப் புயல் பெயர் கிடைத்தது. நாத்தனார் தாலாட்டே கட்டிவிட்டாள். நான் தேர்ந்துவைத்த பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் மாமியார் பதறுவார். காதில் சொல்லாத பெயரை வாயில் சொல்லக்கூடாதாம். புயலின் பெயரைச் சொல்லலாமாம், அது செல்லப் பெயராம்.

ஜூலையில் கணவரின் அண்ணன் வந்தார். நான் தேர்ந்த பெயருக்கு அர்த்தம் கேட்டார். இளங்காற்று என்றேன். "அங்க குளிர்ல காத்துன்னாலே எல்லாரும் கோட்டுக்குள்ள ஒளிவாங்க. வேற பாக்கலாமே" என்றார். பாரிசில் எந்தக் காலத்திலும் இருக்கப்போகாத பிள்ளைக்கு பாரிசின் குளிர் ஒரு குறுக்கீடு. எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. நான் அடுப்படிக்குள் போய்ப் பாத்திரத்தைப் போட்ட போட்டில் அவரே இறங்கிவந்து, அந்தப் பெயரையே காதில் சொன்னார். எல்லாருக்கும் பிரியாணி போட்டோம். விமானத்துக்குக் கிளம்புகிற அன்று வாசலில் நின்று குழந்தையின் கன்னத்தைக் கிள்ளி, "போய்ட்டு வரட்டா" என்று அவர் கூப்பிட்டது எந்தப் பெயரைச் சொல்லி என்று நினைக்கிறீர்கள்?

நான் முதலியார்பேட்டையில் ஒரு பள்ளிக்கூடத்தில் அறிவியல் சொல்லிக்கொடுக்கிறேன். காலையில் வருகை எடுக்கும்போது வானிலை அறிக்கை வாசிப்பதுபோல இருக்கும். முகிலன், வர்ஷா, இளவேனில், வசந்த் என்று வரிசையாகக் கைதூக்குவார்கள். ஒரு பையனுக்குக் குடும்பப் பெயரே கார்மேகம். மழைக்கு ஏங்கிய ஏதோ ஒரு ஆடியில் பிறந்த பாட்டனாருக்கு வைத்த பெயராம். பிரெஞ்சுக்காரன் காலத்தில் அது குடும்பப் பெயராகப் பதிந்துபோய், இன்றைக்கு மழையே பிடிக்காத பிள்ளைகள்கூட அந்த வீட்டில் கார்மேகம்தான். மழையையும் காற்றையும் மனிதர்கள் ஆசைப்பட்டுப் பெயராக வைத்தார்கள், எனக்குப் புரிகிறது. வேண்டியதைத்தானே பிள்ளைக்கு வைப்பார்கள். இத்தனை பேரையும் நான் பிசகாமல் அவரவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டுவிட்டு வீட்டுக்கு வந்தால், என் பிள்ளையை யாரோ எங்கிருந்தோ ஒரு புயலுக்குக் கொடுத்த பெயரால் கூப்பிடுகிறார்கள். அந்தப் பெயர்களைக் கடலோர நாடுகள் முறைவைத்துக் கொடுக்கின்றனவாம், ஒருமுறை வைத்ததை மறுபடி எந்தப் புயலுக்கும் வைப்பதில்லையாம். அதாவது வானிலைக்காரர்களே கைகழுவிவிட்ட பெயர் என் வீட்டில் மட்டும் தின்று தூங்கி வளர்கிறது.

இதில் என்னைக் குடைவது வெறும் வீம்பு இல்லை. எங்கள் தெருவுக்கு மீன் கொண்டுவரும் அக்கா கடற்கரைக் குப்பத்தைச் சேர்ந்தவர். அந்தப் புயலில் அவர்கள் வீட்டுப் படகு கரையில் கொட்டிய கருங்கல்லில் மோதிச் சுக்குநூறானது. வீட்டுக்காரர் இப்போது வேறொருவர் படகில் கூலிக்குப் போகிறார். நெத்திலி ஆய்ந்துகொண்டே ஒருநாள் என்னிடம் சொன்னார். சொல்லும்போதுகூட அவர் வாயில் அந்தப் பெயர் வரவில்லை, "அந்தப் பொயலு" என்றுதான் வந்தது. அப்போது உள்ளேயிருந்து மாமியார் பேத்தியை அதே பெயர் சொல்லிச் சாப்பிடக் கூப்பிட்டார். எனக்குத் தலைகுனிந்துபோனது. அக்கா என் மகளை எப்போதும் "பாப்பா" என்று மட்டுமே கூப்பிடுவதன் காரணம் அன்றைக்குத்தான் உறைத்தது.

"அவங்க வாசல்ல இருக்கறப்பவாவது அந்தப் பேரச் சொல்லாதீங்க" என்று கணவரிடம் எத்தனையோ முறை சண்டை போட்டிருக்கிறேன்.

"வாய்ல பழகிடுச்சு. என்னா பண்ணச் சொல்ற?" என்பார்.

இந்த ஜூனில் மகள் எல்.கே.ஜி. போகப்போகிறாள். அங்கேயாவது புதிதாகத் தொடங்கட்டும் என்று, பேர் கேட்டால் எதைச் சொல்லவேண்டும் என்று தினமும் சொல்லிக்கொடுக்கிறேன். பாட்டு ஒப்பிப்பதுபோல ஒப்பித்துவிட்டு ஓடிவிடுகிறாள்.

போன ஞாயிற்றுக்கிழமை அக்கா வாசலில் உட்கார்ந்து சங்கரா மீனுக்குச் செதில் எடுத்துக்கொண்டிருந்தார். மகள் பிரஷ்ஷை வாயில் கவ்விக்கொண்டு எதிரே போய்க் குந்தினாள். முந்தின நாள் டிவியில் பழைய புயல்களைக் காட்டியிருக்கிறார்கள்.

"டிவில ஒரு பொயலு வந்துச்சே, அதுக்கு எம் பேருதான் வெச்சாங்க" என்றாள், பெருமையாக.

அக்காவின் கை நின்றது. பூமி பிளந்து என்னை விழுங்காதா என்றிருந்தது. அவர் மீனைக் குண்டானில் போட்டுவிட்டுக் குழந்தையை நிமிர்ந்து பார்த்தார். முகத்தில் கோபம் இல்லை.

"இல்ல கண்ணு. அது வந்தப்ப உனக்குப் பேரே வெக்கல."

"அப்ப எம் பேரு என்னா?"

"உங்கம்மாவக் கேளு."

மகள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் சொன்னேன். ஒப்பிக்கச் சொல்லவில்லை, பெயரை மட்டும் சொன்னேன். அவள் பிரஷ்ஷை எடுத்துவிட்டு, முதல்முறையாகக் கேட்பவள்போல, மெதுவாக அதைத் திருப்பிச் சொன்னாள்.

அப்போது உள்ளேயிருந்து என் கணவர், பல் விளக்கி முடிக்கவில்லையா என்று, வழக்கமான பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்.

"தோ வரேன்த்தா" என்று அவள் அப்பாவிடம் ஓடிவிட்டாள்.

அக்கா மீனை என் பாத்திரத்தில் போட்டுக் கையைக் கழுவினார். குண்டானைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு சொன்னார்:

"நல்ல பேருதாம்மா. கூப்புடத்தான் ஆளில்ல."