பவுடர் அண்ணன் திருத்திய முகம்

அச்சகத்தில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டது கிடையாது. பவுடர் அண்ணன் என்றால்தான் வாட்ச்மேனுக்கே தெரியும். இருபத்தெட்டு வருஷமாக நாலு கலர் மெஷினில் நிற்கிறவர். போட்டோ ஆல்பமோ, பள்ளிக்கூட ஆண்டு மலரோ, எந்த முகம் அவர் மெஷினுக்குள் போனாலும் வெளியே வரும்போது நன்றாகத் தூங்கி எழுந்து குளித்துப் பவுடர் பூசிக்கொண்டு வந்தது போல இருக்கும். நீலத்தைக் கொஞ்சம் குறைப்பார், சிவப்பைக் கொஞ்சம் ஏற்றுவார், அவ்வளவுதான் ரகசியம். "அண்ணன் கை பட்டா பொணம்கூட எழுந்து தண்ணி கேட்கும்" என்று பைண்டிங் செக்‌ஷன் பெண்கள் கேலி பேசுவார்கள். சும்மா இருங்கடி என்பார். உள்ளுக்குள் அவருக்குப் பெருமை பிடிபடாது.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். இத்தனை வருஷத்தில் அச்சடித்த எதையும் அவர் படித்ததில்லை. படிக்கத் தெரியாமல் இல்லை. எழுத்து பிசிறில்லாமல் விழுந்திருக்கிறதா என்று லென்ஸ் வைத்துப் பார்ப்பார். என்ன எழுதியிருக்கிறது என்பது எழுதினவர் பாடு, வாங்கினவர் பாடு.

அப்படிப்பட்டவர் கையில்தான் அந்த ஓவியப் புத்தகம் வந்து சேர்ந்தது. எழுதியவர் ஒரு டிராயிங் டீச்சர். பெரியவர்களும் பிள்ளைகளும் ஒட்டி உட்கார்ந்து பார்க்க வேண்டும் என்று செய்த புத்தகம். இடது பக்கம் ஓர் ஓவியம், வலது பக்கம் மூன்று கேள்விகள். பதில் எங்கே என்று கடைசிப் பக்கம் வரை புரட்டினாலும் கிடைக்காது. பல பக்கங்களைச் சேர்த்து ஒரே பெரிய ஷீட்டில் அடிப்பதுதான் ஒரு ஃபார்ம். டீச்சர் ஒவ்வொரு ஃபார்ம் ஓடும்போதும் மெஷின் பக்கத்திலேயே நின்று கலரைப் பார்த்துத் தலையாட்டிவிட்டுத்தான் போவார். ஐந்தாவது ஃபார்ம் அன்று பள்ளியில் பரீட்சை, வர முடியவில்லை. கையெழுத்துப் போட்ட மாதிரி ஷீட்டை அனுப்பிவிட்டு, "இதைப் பார்த்து அப்படியே போடுங்கண்ணே, ஒரு பொட்டு மாறக் கூடாது" என்று போனில் சொன்னார். அதுக்கென்ன டீச்சர் என்றார் இவர்.

மெஷின் ஓடியது. முதல் ஷீட்டை உருவி விளக்கடியில் விரித்தார். ஒரு குழந்தை காய்ச்சலில் படுத்திருக்கிறது. பக்கத்தில் நாற்காலியில் அதன் அம்மா. ஜன்னலில் விடிகிற வெளிச்சம். அம்மாவின் முகம் பச்சை. பாசி பிடித்த சுவரைப் போல ஒரு பச்சை. மாதிரி ஷீட்டிலும் அதே பச்சைதான், கீழே டீச்சரின் கையெழுத்தும் இருக்கிறது.

வேறு நாளாக இருந்தால் முணுமுணுத்துக்கொண்டே அப்படியே போட்டிருப்பார். அன்றைக்கு முடியவில்லை. அந்த முகத்தை அவர் மாசக்கணக்கில் வீட்டில் பார்த்துக்கொண்டிருந்தார்.

அவர் மனைவி வீட்டிலேயே மெஷின் போட்டுச் சீருடை தைக்கிறவள். நாலு மாதத்துக்கு முன்னால் வயிற்றில் ஆபரேஷன். சரியாகவில்லை, வரும் திங்கட்கிழமை இன்னொன்று என்று டாக்டர் சொல்லிவிட்டார். அன்றிலிருந்து அவள் ஏதோ சொல்ல வாயெடுப்பாள். "ஏங்க, திங்கக்கிழமையைப் பத்தி..." அவ்வளவுதான், இவர் இடையில் பாய்ந்துவிடுவார். "உனக்கென்ன, முகம் பளிச்சுனு ஆயிடுச்சு. இன்னும் ரெண்டு நாள்ல நீயே பார்." அவளும் வாயை மூடிக்கொள்வாள். மச்சான் வந்து கேட்டாலும், எதிர்வீட்டு அக்கா கேட்டாலும் இவரே முந்திக்கொண்டு பதில் சொல்லிவிடுவார். பிரியம்தான், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் அந்தப் பிரியத்துக்குக் காது கிடையாது.

ஆக, பவுடர் அண்ணன் நீலத்தைக் குறைத்தார், சிவப்பை ஏற்றினார். இரண்டாயிரம் ஷீட்டிலும் அம்மா கன்னம் சிவக்கச் சிரிக்காத குறையாக உட்கார்ந்திருந்தாள். ஓரிடத்தில் மையைக் கூட்டிக் குறைத்தால் ஷீட்டில் அதற்கு நேர் மேலும் கீழும் இருக்கிற எல்லாமேதான் மாறும், அது அவருக்குத் தெரியாததா? அதே ஷீட்டில் மேலே இருந்த இன்னொரு பக்கத்து ஓவியத்தில் சும்மா படுத்திருந்த வெள்ளைப் பூனையும் சேர்ந்து சிவந்துபோனது. பூனையை யார் பார்க்கப் போகிறார்கள் என்று விட்டுவிட்டார்.

அன்று சாயங்காலம் அலமாரித் தட்டில் விரிக்கலாமென்று கழிவு ஷீட் ஒன்றைச் சுருட்டி வீட்டுக்கு எடுத்துப் போனார். படுத்தே கிடந்து அலுத்துப்போயிருந்த அவள், குடுங்க பார்க்கலாம் என்று வாங்கிப் போர்வை மேல் விரித்தாள். படத்தைப் பார்த்தாள். பிறகு, அவர் இருபத்தெட்டு வருஷமாகச் செய்யாத காரியத்தைச் செய்தாள். பக்கத்தில் இருந்ததைப் படித்தாள்.

"இந்த அம்மாவின் முகத்தை ஓவியர் ஏன் பச்சையாகத் தீட்டினார்?"

நிமிர்ந்து அவரைப் பார்த்தாள். மறுபடி படத்தைப் பார்த்தாள். "எங்கங்க பச்சை?"

அவர் அலமாரித் தட்டைத் துடைக்கப் போனார்.

"எத்தனை இரவுகள் இவர் தூங்கியிருக்க மாட்டார்? இவர் பக்கத்தில் போய் உட்கார்ந்தால் நீங்கள் என்ன கேட்பீர்கள்?" மிச்சத்தையும் படித்துவிட்டு அவள் சிரிக்க ஆரம்பித்தாள். தையல் வலிக்க, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "ஐயோ, இந்தம்மா ராத்திரி பூரா நல்லாத் தூங்கினவங்க மாதிரி இருக்காங்க! பிள்ளைங்க என்னத்தைப் பார்த்துப் பதில் சொல்லும்?"

"பார்க்கவே சகிக்கல. அதான் கொஞ்சம்..."

சிரிப்பு நின்றது. "எனக்கும் இதைத்தானே செய்யறீங்க" என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் அவர் பதிலுக்கு ஏதாவது சொல்லித் தப்பித்திருப்பார். அவள் ஷீட்டை மடித்து வைத்துவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

மறுநாள் காலை ஷீட்டுகள் மடிப்புக்குப் போவதற்குள் அவரே முதலாளி அறைக்குப் போனார். ஐந்தாம் ஃபார்ம் தப்பு, தப்பு என்னோடது, திரும்பப் போடணும் என்றார். முதலாளி வானத்துக்கும் பூமிக்கும் குதித்தார். "மாதிரி ஷீட் கையில இருக்கு, கையெழுத்து இருக்கு! உங்களுக்குக் கண்ணு என்ன பிடரியிலயா இருக்கு? நேத்து வந்த பையன்கூட இப்படிப் பண்ண மாட்டானே!" நியாயமான கேள்விதான். அவர் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். கத்தி ஓய்ந்த பிறகு முதலாளி, "டீச்சருக்கு நீங்களே போன் பண்ணிச் சொல்லுங்க" என்றார். சொன்னார். டீச்சர் முழுக்கக் கேட்டுக்கொண்டார். பிறகு, "அந்தப் பக்கத்துக்காகத்தாண்ணே நான் இந்தப் புத்தகமே எழுதினேன்" என்றார். அதைவிட முதலாளி கத்தினதே தேவலை என்றிருந்தது அவருக்கு.

மறுபடி மெஷின் ஓடியது. இந்தத் தடவை மாதிரி ஷீட்டைப் பக்கத்திலேயே விரித்து வைத்து, ஐம்பது ஷீட்டுக்கு ஒரு தரம் ஒத்துப் பார்த்தார். பச்சை, பச்சையாகவே வந்தது. பூனை வெள்ளையானது. மத்தியானத்துக்கு மேல் ஓட்டம் நிலைக்கு வந்தபிறகு லென்ஸைக் கீழே வைத்துவிட்டு வெறும் கண்ணால் பார்த்தார். அந்தம்மாவின் கை குழந்தையின் காலடியில் இருந்தது. போர்வைக்கு மேலேயே, அழுத்தாமல் வைத்திருந்தாள். நேற்று அது அவர் கண்ணில் படவே இல்லை. துணியை எடுத்துக் கையைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

அன்று வெயில் இருக்கும்போதே வீட்டுக்கு வந்துவிட்டார். அவள் தலையணையில் சாய்ந்து பட்டன் தைக்க ஊசியில் நூல் கோத்துக்கொண்டிருந்தாள். ஸ்டூலை இழுத்துப் போட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"திங்கக்கிழமையைப் பத்தி என்னமோ சொல்ல வந்தியே. சொல்லு."

அவள் ஊசியைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். "பயமா இருக்குங்க."

ஒண்ணும் ஆகாது என்று நாக்கு நுனி வரைக்கும் வந்துவிட்டது. கஷ்டப்பட்டு விழுங்கினார்.

"போன தடவை மயக்க மருந்து குடுக்கறப்போ பத்து வரைக்கும் எண்ணச் சொன்னாங்க. நாலு வரைக்கும் எண்ணினேன். அஞ்சு வரவே இல்ல. படுத்துக் கிடக்கறப்பல்லாம் அந்த அஞ்சு எங்க போச்சுன்னுதான் யோசிக்கிறேன். இந்தத் தடவை நாலோடயே நின்னுட்டா?"

அவர் ஸ்டூலை இன்னும் கொஞ்சம் கிட்டே இழுத்துக்கொண்டார். பிறகு மெல்லச் சொன்னார். "நான் வெளிய பெஞ்சுல உட்கார்ந்து எதிர்ச் சுவத்து டைல்ஸை எண்ணிக்கிட்டிருந்தேன். முடிச்சதும் மறுபடி முதல்ல இருந்து. பதினோரு தடவை. ஒவ்வொரு தடவையும் வேற வேற கணக்கு வந்துது."

"இதை ஏன் எங்கிட்ட சொல்லல?"

"சொன்னா நீ பயப்படுவியேன்னு."

"பயந்துக்கிட்டுத்தானே இருந்தேன், தனியா" என்றாள்.