செத்தவரே தேநீர் கொடுத்த துக்க வீடு

கோல்மன் டூமி நடிகரான முதல் வருடம் அவர் முகத்தை ஒருவரும் பார்க்கவில்லை. கார்க் நகரத்தில் கிறிஸ்துமஸுக்குப் போடும் கோமாளி நாடகத்தில் ஒரு பசுமாடு வரும். அந்த மாட்டின் பின்னங்கால்கள் அவர்தான். தலையும் முன்னங்கால்களும் அட்ராக்டா லூசி என்ற பெண்.

சொந்த ஊரான கன்டர்க்கில் கசாப்புக்கடை வைத்திருந்த கோல்மனின் அப்பாவுக்கு இந்தச் செய்தி போனபோது அவர் கையிலிருந்த கத்தியைக் கீழே வைத்துவிட்டார்.

"தலைமுறை தலைமுறையா மாட்டை வெட்டி வித்த குடும்பம்டா நாம. நீ அதுக்குள்ள பூந்து ஆடப் போறியா? அதுவும் பின்பக்கம்!"

"மொதல்ல பின்பக்கம்தான்பா குடுப்பாங்க. அப்புறம்தான் முன்னாடி வர முடியும்."

முன்னாடி வருவது லேசாக இல்லை. மாட்டுத் தோலுக்குள் ஒரே இருட்டு. குனிந்தபடி அட்ராக்டாவின் இடுப்பைப் பிடித்துக்கொண்டுதான் நடக்க வேண்டும். அந்தக் காலத்தில் நடன அரங்குகளில் ஆணும் பெண்ணும் கொஞ்சம் ஒட்டி ஆடினாலே பங்குச் சாமியார் நடுவில் புகுந்து பிரித்துவிடுவார். மாட்டுக்குள் யார் புகுந்து பிரிப்பது?

"காலையில என்னத்தைத் தின்னே நீ?" என்று ஒருநாள் மாட்டின் முன்பாதி கேட்டது.

"வெங்காயம் போட்டு ஈரல் வறுவல்."

"இன்னொரு தடவை தின்னுட்டு வந்தா நான் தனி மாடாப் போயிருவேன், பாத்துக்க."

கோல்மன் ஈரலை விட்டார். ஈஸ்டர் கழிந்ததும் இருவருக்கும் கல்யாணம் ஆயிற்று. அப்பா ஒரு தொடைக்கறி முழுசாக அனுப்பினார். மாப்பிள்ளையைப் பார்க்க மட்டும் வரவில்லை.

பிறகு பல வருடங்கள் கோல்மன் ஊர் ஊராகச் சுற்றும் நாடகக் குழுவில் இருந்தார். நீதிபதி, கொலைகாரன், கொலையானவன், கொலையானவனின் அத்தை என்று எது கொடுத்தாலும் செய்தார். ஒருமுறை நீதிபதி வேஷத்தில் தீர்ப்புச் சொல்லும்போது ஒட்டுமீசை கழன்று தேநீர்க் கோப்பைக்குள் விழுந்தது. அவர் பதறாமல் தேநீரைக் குடித்தார், மீசையோடு. முன்வரிசையில் இருந்த ஒருவர் எழுந்து நின்று தொப்பியைக் கழற்றினார்.

சினிமாவும் ஒருமுறை தேடி வந்தது. அமெரிக்காவிலிருந்து வந்த கம்பெனி ஒன்று கெர்ரிக் கடற்கரையில் படம் எடுத்தது. கோல்மன் அதில் கழுதையைப் பிடித்துக்கொண்டு நிற்பவர். படம் வெளியானதும் கன்டர்க்கே பஸ் பிடித்துக் கிளம்பிப் போய்ப் பார்த்தது. கழுதை முழுசாக வந்தது. அதன் கழுத்துக்குப் பின்னால் ஒரு முழங்கை வந்தது. இருட்டு அரங்கில் கோல்மனின் அம்மா எழுந்து நின்று, "அது எம்புள்ளையோட முழங்கை! நல்லா பாருங்க, சின்ன வயசுல வேலியில கிழிச்சுக்கிட்ட தழும்பு!" என்று கத்தினார். எல்லாரும் கைதட்டினார்கள். அடுத்த காட்சிக்குள் கழுதை போய்விட்டது.

இப்படியே போயிருக்கும். நாற்பது வயது தாண்டியபோது டப்ளின் தொலைக்காட்சியில் ஒரு கிராமத்துத் தொடர் ஆரம்பித்தார்கள். அதில் ஒரு பாதிரியார் வந்து, மழையில் மண்டியிட்டு, ஒரு டிராக்டரை மந்திரித்துவிட்டுப் போக வேண்டும். அவ்வளவுதான். கோல்மன் டிராக்டரை மந்திரித்த விதத்தில் என்ன இருந்ததோ, டிராக்டருக்கே கண்ணீர் வந்திருக்கும். கடிதங்கள் குவிந்தன. ஃபாதர் கார்மக் என்று அந்தப் பாத்திரத்துக்குப் பெயர் வைத்து, வாராவாரம் ஞாயிற்றுக்கிழமை வரவைத்தார்கள். எட்டு வருடம் வந்தார்.

முதல் இரண்டு மாதம் கோல்மனுக்குத் தலைகால் புரியவில்லை. மூன்றாவது மாதம் பேட்டி லினஹன் என்ற விவசாயி, காய்ச்சல் கண்ட கன்றுக்குட்டியைக் கன்டர்க்கில் அவர் வீட்டு வாசலுக்கு ஓட்டிக்கொண்டு வந்தார்.

"ஒரு சிலுவை மட்டும் போட்டு விடுங்க, சாமி."

"பேட்டி, நாம ரெண்டு பேரும் ஒரே பெஞ்சுல படிச்சவங்க. என்னடா சாமிங்கிற?"

"தெரியும் சாமி. போட்டு விடுங்க."

போட்டார். வேறென்ன செய்வது? கன்று பிழைத்துக்கொண்டது. அதோடு தொலைந்தது.

பப்பில்தான் ரொம்பக் கஷ்டம். கோல்மன் உள்ளே நுழைந்தால் கெட்ட வார்த்தை நின்றுவிடும். சீட்டுக்கட்டு மேஜைக்கடியில் போய்விடும். சின்ன வயதிலிருந்து அவரோடு குடித்தவர்கள் எல்லாரும் திடீரென்று வானிலை பற்றிப் பேசுவார்கள். அதுவும் மழையைத் திட்டாமல். தன் கறுப்பு பீரோடு அவர் மூலையில் தனியாக உட்கார்ந்திருப்பார். அதைப் பார்த்தவர்கள், பாவம், எவ்வளவு ஆழ்ந்த ஜெபம் என்று சொல்லிக்கொண்டு போனார்கள்.

ஒருநாள் கறிக்கடை வரிசையில் நின்றபோது பின்னாலிருந்து ஃபிலோமினா ஷீஹி காதோடு கிசுகிசுத்தார். ஃபிலோமினா பக்கத்து வீட்டு விதவை. அந்த வட்டாரத்தில் ஜாமுக்குப் பேர்போனவர்.

"சாமி, என் பாவத்தைச் சொல்லிடறேன். கண்காட்சியில முதல் பரிசு வாங்கின ஜாம் இருக்கே, அது நான் செஞ்சது இல்ல. கடையில வாங்கி என் பாட்டில்ல ஊத்தினேன்."

"அய்யோ ஃபிலோமினா, என்கிட்ட ஏன் சொல்றீங்க? நான் நடிகன். எனக்குப் பெண்டாட்டி இருக்கா. அவளுக்கு நீங்கதான் குளிருக்குச் சால்வை பின்னிக் குடுத்தீங்க!"

"அட்ராக்டா தங்கமான பொண்ணு. நீங்க மன்னிப்பைக் குடுங்க சாமி, வரிசை நகருது."

நிஜமான பங்குச் சாமியார் ஃபாதர் ஹெகார்ட்டிக்கு இதெல்லாம் காதில் விழாமல் இல்லை. ஒருநாள் அவரே கோல்மனைச் சாலையில் நிறுத்தினார்.

"மிஸ்டர் டூமி, நான் ராத்திரியெல்லாம் கண்ணு முழிச்சுப் பிரசங்கம் எழுதுறேன். பூசை முடிஞ்சு வெளியில வந்தா ஜனங்க என்ன சொல்றாங்க தெரியுமா? 'இதையே ஃபாதர் கார்மக் சொல்லியிருந்தா இன்னும் எடுபட்டிருக்கும்'ங்கிறாங்க."

"எனக்கு வேற ஆள் எழுதிக் குடுக்கிறாங்க, ஃபாதர்."

"அந்த ஆளு யாருன்னு எனக்குச் சொல்லுங்களேன்" என்றார் ஃபாதர் ஹெகார்ட்டி. குரலில் கோபத்தோடு ஆசையும் இருந்தது.

எட்டாம் வருடம் டப்ளினில் புதிய தயாரிப்பாளர் ஒருவர் வந்தார். தொடருக்கு அதிர்ச்சி வேண்டுமாம். கோயில் கூரையில் மாட்டிக்கொண்ட ஒரு வெள்ளாட்டைக் காப்பாற்ற ஃபாதர் கார்மக் ஏணியில் ஏறுவார், விழுவார், சாவார். ஆடு பிழைத்துக்கொள்ளும். யாரிடமும் மூச்சுவிடக் கூடாது என்று கோல்மனிடம் வாக்கு வாங்கிக்கொண்டார்கள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை கோல்மனும் அட்ராக்டாவும் வீட்டில் உட்கார்ந்து அவர் சாவதைப் பார்த்தார்கள்.

"நல்லாத்தான் விழுந்திருக்கே" என்றார் அட்ராக்டா, மூக்கை உறிஞ்சிக்கொண்டே.

"நீ எதுக்கு அழுற? நான் இங்க பக்கத்துலதானே இருக்கேன்."

"நீ இருக்கே. அவர் போயிட்டாரே."

மறுநாள் காலை கதவைத் தட்டும் சத்தம். ஃபிலோமினா கறுப்பு உடுத்தி, பன்றித்தொடை ஹாம் ஒன்றை முழுசாகச் சுமந்துகொண்டு நின்றார். பின்னால் பேட்டி லினஹன், கல்யாணத்துக்குப் போட்ட கோட்டில். அவருக்குப் பின்னால் வேலி வரைக்கும் ஜனம்.

"மனசைத் தேத்திக்க, கோல்மன்" என்று ஃபிலோமினா அவர் கையைப் பிடித்தார். எட்டு வருடத்தில் முதல்முறையாக ஊரில் ஒருவர் அவரைக் கோல்மன் என்று கூப்பிடுகிறார். கோல்மன் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அதைத் துக்கம் என்று எடுத்துக்கொண்டு ஃபிலோமினா இன்னும் இறுக்கிப் பிடித்தார்.

அரை மணி நேரத்தில் அவர் வீடு துக்க வீடாகிவிட்டது. சாவு வீட்டு வழக்கப்படி யாரோ கடிகாரத்தை நிறுத்தினார்கள். யாரோ கண்ணாடியைத் துணியால் மூடினார்கள். சமையலறையில் பெண்கள் ரொட்டிக்கு வெண்ணெய் தடவ, அட்ராக்டா கெட்டிலை இறக்கவே இல்லை. உடலை எங்கே வைத்திருக்கிறார்கள் என்று மட்டும் யாரும் கேட்கவில்லை. உடல்தான் எல்லாருக்கும் தேநீர் கொடுத்துக்கொண்டிருந்தது.

"என்ன மனுஷன்! கோபமே வராது" என்றார் ஒருவர்.

"எனக்கும் சட்டுனு வராது" என்றார் கோல்மன், கோப்பையை நீட்டியபடி.

"அவர் குரல் இருக்கே, தேன்."

"அது என் குரல்தானே?"

பேட்டி அவரை ஏற இறங்கப் பார்த்தார். "உன் குரலும் பரவாயில்லப்பா. ஆனா அவர்கிட்ட ஒரு பணிவு இருந்துச்சு."

கோல்மனுக்குச் செத்தவர்மேல் பொறாமை பொங்கிக்கொண்டு வந்தது. அந்த மனிதருக்காக எட்டு வருடம் மழையில் நனைந்தது யார்? பணிவுக்காக ஒரே காட்சியைப் பன்னிரண்டு தடவை எடுத்தபோது முழங்கால் தேய்ந்தது யாருக்கு?

ஜெபமாலை ஆரம்பிக்கும் நேரத்தில் ஃபாதர் ஹெகார்ட்டி உள்ளே வந்தார். முகம் சிவந்திருந்தது.

"என்ன இது கூத்து? இல்லாத ஆளுக்கு எங்கேயாவது ஆன்மா உண்டா? எல்லாரும் எழுந்து வீட்டுக்குப் போங்க!"

"இல்லாத ஆளா இருக்கலாம் சாமி" என்றார் பேட்டி. "ஆனா என் கன்னு பொழச்சுதே?"

ஃபாதர் தொப்பியைக் கழற்றினார். கூட்டத்தைப் பார்த்தார். ஞாயிறு பூசையில்கூட இத்தனை தலை இல்லை. ஃபிலோமினா ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு, அவர் மடியில் ஒரு தட்டை வைத்தார். அவர் ஒரு சாண்ட்விச்சைக் கடித்து மெதுவாக மென்றார். பிறகு சன்னமான குரலில், "யாரு அந்த ஏணியைப் பிடிச்சிருந்தது?" என்று கேட்டார்.

"மணியடிக்கிற பையன்தான், சாமி."

"அவனை நம்பி ஏறலாமா? நான் டிவி முன்னாடி நின்னு கத்தினேன். 'கார்மக், ஏறாதய்யா, ஏணி சரியா சாயல'ன்னு கத்தினேன்." கைக்குட்டையை எடுத்துக்கொண்டார். "எட்டு வருஷமாப் பார்க்கிறேன். ஒரு வாரம் விட்டதில்ல."

வீடே விம்மியது. அப்போது கோல்மன் மிச்ச ஹாமோடு பெரிய பீங்கான் தட்டைத் தூக்கிக்கொண்டு வந்தார். நிறைந்த கூட்டம், யாரோ காலை நீட்டியிருந்தார்கள். தட்டு நேராகக் கோல்மனின் கால் கட்டைவிரலில் விழுந்தது.

அவர் வாயிலிருந்து அப்போது வந்ததை இங்கே எழுத முடியாது. தட்டில் தொடங்கி, ஹாமை வளர்த்த பன்றி, அதன் தாய், டப்ளின் தயாரிப்பாளர், அவர் பிறந்த தெரு எல்லாவற்றையும் தொட்டு, கடைசியில் ஃபாதர் கார்மக்கிடம் வந்து நின்றது. எட்டு வருடச் சேமிப்பு, ஒரே மூச்சில்.



பேட்டி லினஹன் எழுந்தார். கண்ணில் தண்ணீர். "கோல்மன்! டேய், நீதானா? எங்கடா போயிருந்தே இத்தனை நாளா?" என்று கேட்டுவிட்டு, அவரும் பதிலுக்கு ஒன்றை எடுத்துவிட்டார். ஃபாதர் ஹெகார்ட்டி இன்னொரு சாண்ட்விச்சில் மும்முரமாகிவிட்டார். கடிகாரத்தை நிறுத்தியவரே சீட்டுக்கட்டை வெளியே எடுத்தார். துக்கம் சாயங்காலம் பப்புக்கு இடம் மாறியது. கோல்மன் கட்டைவிரலில் கட்டோடு நடுமேஜையில் உட்கார்ந்து எல்லாரிடமும் தோற்றார். வாழ்க்கையில் இவ்வளவு சந்தோஷமாக அவர் எந்த நாடகத்திலும் இருந்ததில்லை.

அட்ராக்டாவும் அவரும் அந்த வாரம் முழுக்க ஹாம்தான் சாப்பிட்டார்கள்.

வசந்தகாலத்தில் டப்ளினிலிருந்து மறுபடி போன் வந்தது. வேறொரு தொடராம். டாக்டர் வேஷமாம்.

"வேண்டாம்னு சொல்லிடு" என்றார் அட்ராக்டா. "டாக்டர்னா ஊரே வாசல்ல வந்து நாக்கை நீட்டிக்கிட்டு நிக்கும்."

"சரி, நான் பண்றேன்" என்று கோல்மன் போனில் சொல்லிக்கொண்டிருந்தார்.

முதல் பகுதி ஒளிபரப்பான மறுநாள் காலை கதவு தட்டப்பட்டது. ஃபாதர் ஹெகார்ட்டி, தெருவை இரண்டு பக்கமும் ஒரு பார்வை பார்த்துவிட்டு உள்ளே நுழைந்தார்.

"ஒண்ணும் பெருசா இல்ல, கோல்மன்" என்று கால்சட்டையைச் சுருட்ட ஆரம்பித்தார். "இந்த முழங்கால் மட்டும், படியேறும்போது ஒரு மாதிரி பிடிக்குது."

கோல்மன் கண்ணாடியை மாட்டிக்கொண்டு முழங்காலைத் தட்டிப் பார்த்தார். வாத்துக் கொழுப்பை வெதுவெதுப்பாகத் தடவச் சொன்னார். நான்கு நாளில் சரியாகிவிட்டது என்று ஃபாதர் பிரசங்க மேடையிலிருந்தே அறிவித்தார்.