திண்டிவனத்தில் இருந்த போன்

விழுப்புரம் ரயில் நிலையத்தில் டிக்கெட் கொடுக்கும் கவுன்ட்டரில் இருதயசெல்வி இருபத்தாறு வருடங்களுக்கு மேல் உட்கார்ந்திருந்தாள். அப்பா இன்னாசிராஜ் தண்டவாளப் பராமரிப்பில் இருந்தவர். தொண்ணூற்று மூன்றில் அவர் வேலையிலிருக்கும்போதே இறந்துபோக, வாரிசு வேலை அவளுக்கு வந்தது. அப்போது அவளுக்கு வயது இருபது, தங்கை சகாய பிரியாவுக்குப் பதினொன்று. அம்மா அதற்கு முன்பே போய்விட்டிருந்தாள். ரயில்வே குவார்ட்டர்ஸில் இரண்டு பெண்களும் தனியாக இருந்தார்கள். அக்கா சம்பாதித்தாள், தங்கை படித்தாள். செல்விக்குக் கல்யாணத்துக்கு இரண்டு இடம் வந்தது. தங்கையை எங்கே விடுவது என்ற கேள்வியில் இரண்டுமே நின்றுபோயின. அதைப் பற்றி அவள் யாரிடமும் புலம்பியதில்லை.

இரண்டாயிரத்து ஆறில் பிரியாவைத் திண்டிவனத்தில் ஆன்டனிக்குக் கட்டிக்கொடுத்தாள். ஆன்டனிக்கு பிளைவுட் கடை இருந்தது. குடிப்பழக்கம் இல்லை. ஞாயிற்றுக்கிழமை பூசையில் அவன்தான் பைபிள் வாசகம் வாசிப்பான். நல்ல கணீர் குரல். செல்வியை அவன் "அக்கா" என்றுதான் கூப்பிடுவான். அவளும் அவனை "தம்பி" என்றே அழைத்து, வாங்க போங்க போட்டுத்தான் பேசுவாள். தனக்கொரு தம்பி கிடைத்ததாக அவள் பல பேரிடம் சொல்லியிருக்கிறாள்.

தன் உடம்பைப் பற்றி மட்டும் அவள் யாரிடமும் பேசமாட்டாள். காய்ச்சல் வந்தால்கூட லீவு கடிதத்தில் "சொந்த வேலை" என்றுதான் எழுதுவாள். பெண்கள் மட்டும் இருக்கிற ஓய்வறையிலும் தாழ்ப்பாள் போட்டுவிட்டுத்தான் சேலை மாற்றுவாள். கூட வேலை பார்த்த அம்சா இதை வைத்து அவளைக் கிண்டல் செய்வதுண்டு.

இரண்டாயிரத்துப் பதினைந்தில் செல்வி புது போன் வாங்கினாள். பழையது நன்றாகத்தான் ஓடிக்கொண்டிருந்தது. பிரியாவின் போன் உடைந்து கிடந்ததால் அதை அவளுக்குக் கொடுத்தாள். கொடுக்கும் முன் தன் படங்களையும் குறுஞ்செய்திகளையும் ஒவ்வொன்றாக அழித்தாள், சிம்மைக் கழற்றிக்கொண்டாள், திரையை ஈரத்துணியால் துடைத்தாள். அதோடு முடிந்தது என்று நினைத்தாள். தன் மின்னஞ்சல் கணக்கு அந்த போனுக்குள் அப்படியே திறந்து கிடந்தது அவளுக்குத் தெரியாது. புது போனிலும் அதே கணக்கைத்தான் போட்டிருந்தாள்.

பதினேழாம் வருடம் பிப்ரவரி மாதம், குளிக்கும்போது இடது மார்பில் ஒரு கட்டி கைக்குத் தட்டுப்பட்டது. மூன்று நாள் சோறு இறங்கவில்லை. நான்காம் நாள் அம்சாவிடம் சொன்னாள். இருவரும் முண்டியம்பாக்கம் பெரியாஸ்பத்திரிக்குப் போனார்கள். ஊசி வழியே கொஞ்சம் சதை எடுத்துப் பரிசோதித்ததில் பயப்படும்படி எதுவும் இல்லை என்று வந்தது. ஆனாலும் மூன்று மாதம் பார்ப்போம், பெரிதானாலோ தோல் உள்ளே இழுத்தாலோ நிறம் மாறினாலோ எடுத்துவிடலாம் என்று டாக்டரம்மா சொன்னார். மாற்றம் சட்டென்று கண்ணுக்குத் தெரியாது, வாரம் ஒரு படம் எடுத்து வைத்துக்கொண்டால் ஒப்பிட்டுப் பார்க்கலாம் என்று அவர்தான் யோசனையும் சொன்னார்.

ஞாயிறுதோறும் பூசைக்குப் போவதற்கு முன், கதவைச் சாத்தி, ஜன்னலைச் சாத்தி, கண்ணாடி முன் நின்று செல்வி ஒரு படம் எடுத்தாள். ஏதோ தப்புச் செய்கிறவளைப் போல அவசர அவசரமாக எடுத்துவிட்டு ஜாக்கெட்டை மாட்டிக்கொள்வாள்.

ஈஸ்டருக்குத் திண்டிவனம் போயிருந்தாள். மதியம் சாப்பிட்டுவிட்டுப் பின்பக்கக் குழாயில் கை கழுவிக்கொண்டிருந்தபோது ஆன்டனி துண்டை எடுத்துக்கொண்டு வந்து பக்கத்தில் நின்றான். குரலைத் தாழ்த்திக் கேட்டான்.

"அந்த எடது பக்கக் கட்டி இப்ப எப்படிக்கா இருக்குது? வலி கிலி இருக்குதா?"

எந்தக் கட்டி என்று அவள் கேட்கவில்லை. பரவாயில்லை தம்பி என்று சொல்லிவிட்டுத் துண்டை வாங்காமல் உள்ளே போனாள். அவன் முகத்தில் இருந்தது பார்ப்பதற்குப் பரிவு மாதிரி இருந்தது. அந்தப் பரிவுக்குள் வேறு ஏதோ நெளிந்தது. என்னவென்று அவளால் சொல்ல முடியவில்லை. பஸ்ஸில் திரும்பும்போது, சேலைக்கு மேல் ஒரு துண்டைச் சுற்றிக்கொள்ள வேண்டும் போல இருந்தது.

விஷயம் தெரிந்தது அம்சாவுக்கு மட்டும்தான். அம்சாவின் கொழுந்தனார் வீடு திண்டிவனம். செல்வி இரண்டையும் முடிச்சுப் போட்டாள். அடுத்த நாளிலிருந்து அம்சாவோடு உட்கார்ந்து சாப்பிடுவதை நிறுத்தினாள். ஷிப்டை மாற்றி எழுதிக் கொடுத்தாள். பத்து நாள் இப்படிப் போனபிறகு, அம்சாவே ஓய்வறையில் அவளை மறித்துக் காரணம் கேட்டாள். செல்வி சொன்னாள். சொல்லும்போது நாக்கில் வந்த வார்த்தைகள் நல்ல வார்த்தைகள் இல்லை.

அம்சா கத்தவில்லை. "நான் எம்மூட்டுக்காரர் கிட்டகூட சொல்லல. நம்புனா நம்பு, நம்பலன்னா போ" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

மே முதல் வாரத்தில் செல்வியின் போனுக்கு ஓர் அறிவிப்பு வந்தது. கணக்கில் இடம் நிரம்பப் போகிறது, இனிமேல் மின்னஞ்சல்கள் வராது என்றது அது. எதையாவது அழிக்கலாம் என்று அதைத் தொட்டாள். கணக்கின் படத்தொகுப்பு திறந்துகொண்டது. அதை அவள் அதுவரை திறந்து பார்த்ததே இல்லை. போனில் எடுத்தால் போனில்தான் இருக்கும் என்பதுதான் அவளுக்குத் தெரிந்தது. ஒரே கணக்கு என்பதால் இரண்டு போனில் எடுத்தவையும் அங்கே போய்ச் சேர்ந்து, இரண்டிலும் தெரிந்திருக்கின்றன.

முதலில் அவள் எடுக்காத படங்கள் வந்தன. பிரியாணித் தட்டு. பிளைவுட் அடுக்கு. சலூன் கண்ணாடியில் பல்லைக் காட்டிக்கொண்டு ஆன்டனி; அவன் கையில் அவள் பிரியாவுக்குக் கொடுத்த பழைய போன். பிறகு பெண்கள். திண்டிவனம் பஸ் ஸ்டாண்டில் நிற்கிறவர்கள், பஸ் படியில் ஏறுகிறவர்கள், குனிந்து பையை எடுக்கிறவர்கள். எல்லாமே பின்னாலிருந்தோ பக்கவாட்டிலிருந்தோ எடுத்தவை. ஒருத்திக்குக்கூட முகம் இல்லை. ஒன்றில் கோயில் வாசல் தெரிந்தது; பூசை முடிந்து படியிறங்குகிற பெண்கள். அவற்றுக்கு நடுநடுவே, ஞாயிறுகளில், அவளுடைய படங்கள். கண்ணாடி, சாத்திய ஜன்னல், அவள்.

செல்வி போனைக் கவிழ்த்து வைத்தாள். எழுந்துபோய்க் கை கழுவிவிட்டு வந்து மறுபடியும் பார்த்தாள். அவன் எடுத்த அந்தப் பெண்களின் வரிசையில் தானும் ஒருத்தியாக அடுக்கப்பட்டிருந்ததுதான் அவளுக்குத் தாங்கவில்லை.

அன்று சாயங்காலமே அம்சா வீட்டுக்குப் போனாள். வாசலில் நின்றபடியே மன்னிப்புக் கேட்டு, பார்த்ததைச் சொன்னாள். அம்சா உடனே உள்ளே கூப்பிடவில்லை. போனைக் கொடு என்று கை நீட்டினாள். அமைப்புகளுக்குள் போய், பாதுகாப்பு என்ற இடத்தைத் தொட்டு, கணக்கு எந்தெந்தக் கருவிகளில் திறந்திருக்கிறது என்ற பட்டியலைக் கண்டுபிடித்தாள். நான்கு இருந்தன. கையிலிருந்த போன் ஒன்று. பதினொன்றாம் வருடம் கணக்கு தொடங்கிய பிரவுசிங் சென்டரின் கம்ப்யூட்டர் ஒன்று; அந்தக் கடையே இப்போது இல்லை. ஆபீஸ் கம்ப்யூட்டர் ஒன்று. நான்காவது பழைய போன். அதற்குக் கீழே திண்டிவனம் என்றும், பதினேழு நிமிடங்களுக்கு முன் என்றும் எழுதியிருந்தது.

"இப்பகூட பாத்துக்கினு இருக்கான்" என்றாள் அம்சா.

உடனே நீக்கிவிடத்தான் செல்வியின் விரல் போனது. அம்சா தடுத்தாள். முதலில் பட்டியலையும் பஸ் ஸ்டாண்டுப் படங்களையும் சாட்சிக்காகப் பிரதி எடுத்து வைக்கச் சொன்னாள். அதன்பிறகுதான் இருவரும் ஒவ்வொரு கருவியாக நீக்கினார்கள். கடைசியாகப் பழைய போன். நிச்சயமாக வெளியேற்ற வேண்டுமா என்று அது மரியாதையாகக் கேட்டது. செல்வி அழுத்தினாள். கடவுச்சொல்லையும் மாற்றினாள். அதற்குமுன் இருந்தது அப்பாவின் பெயர். அதை வைத்துக்கொள்ளவும் அவளுக்குப் பிடிக்கவில்லை.

மறுநாள் லீவு போட்டுத் திண்டிவனம் போனாள். அம்சாவும் கூட வந்தாள். ஆன்டனி சாப்பிட வந்திருந்த நேரம். செல்வி உட்காரவில்லை. பிரியா கொண்டுவந்த தண்ணீரையும் தொடவில்லை. பழைய போனைக் கொடுங்கள் என்றாள்.

அவன் முதலில் சிரித்தான். பிறகு, போனைக் கொடுத்தது நீங்கள்தானே என்றான். படம் தானாக வந்தது, தான் எதையும் தேடிப்போகவில்லை என்றான். வந்ததைப் பார்த்ததும் அக்காவுக்கு என்னவோ ஏதோ என்று பயந்துபோய்த்தான் விசாரித்ததாகவும் சொன்னான். வாசகம் வாசிக்கிற அதே குரல். ஓர் இடத்தில்கூடத் தடுமாறவில்லை.

செல்வி பிரியாவைப் பார்த்தாள். பிரியா தரையைப் பார்த்தாள்.

"உனக்குத் தெரியுமாடி?"

"அவரு எங்கிட்ட காட்னாரு. மார்ச் மாசம்" என்றாள் பிரியா. பிறகு அவளே கேட்டாள்: "நீ இன்னாத்துக்கு அந்த மாதிரில்லாம் படம் எடுத்து வச்சிக்கினு இருந்த?"

பதினொரு வயதில் தலை பின்னிவிட்டு, பேன் பார்த்து, பரீட்சைக்குக் கூடவே போய் வாசலில் நின்று வளர்த்த பெண். இரண்டு மாதமாக அக்காவுக்கு மார்பில் கட்டி என்று அவளுக்குத் தெரியும். அது புற்றா, உயிர் நிற்குமா என்று கேட்க ஒரு போன் போடவில்லை. புருஷன் காட்டியதைப் பார்த்துவிட்டு வாயை மூடிக்கொண்டு, ஈஸ்டருக்குக் கறிக்குழம்பு பரிமாறியிருக்கிறாள். ஆன்டனியைப் பார்த்தபோது வந்த அருவருப்பைவிட இது ஆழமாக இருந்தது.

அலமாரிமேல் இருந்த போனை அம்சாதான் எடுத்தாள். கணக்கு போய்விட்டிருந்தாலும் அவன் தனியாகச் சேமித்து வைத்திருந்த பிரதிகள் அதில் இருந்தன. செல்வியின் படங்கள் ஒன்பது. இது தானாக வந்ததா என்று அம்சா கேட்டதும் அவன் சட்டையை மாட்டிக்கொண்டு கடைக்குக் கிளம்பினான். செல்வி போனைக் கைக்குட்டையில் சுற்றித்தான் வாங்கினாள்.

இருவரும் நேராகக் காவல் நிலையத்துக்குப் போய் மனு எழுதிக் கொடுத்தார்கள். பஸ் ஸ்டாண்டுப் பெண்களின் படங்களையும் செல்வி மனுவோடு சேர்த்தாள். பெண் இன்ஸ்பெக்டர் ஆன்டனியை வரவழைத்தார். அவன் பின்னால் பிரியாவும் அழுதுகொண்டு வந்தாள். வழக்குப் போடலாம், நானே நடத்துகிறேன், ஆனால் அந்த ஒன்பது படங்களும் சாட்சிப் பொருள் ஆகும் என்று இன்ஸ்பெக்டர் விளக்கினார். யார் யார் பார்ப்பார்கள் என்று செல்வி கேட்டாள். அவர் ஒவ்வொருவராகச் சொன்னார். செல்வி வழக்கு வேண்டாம் என்றாள். அவன் தப்பை ஒப்புக்கொண்டு எழுதிக் கையெழுத்துப் போட்டான். ஒரு பெண் காவலர் அவள் கண்ணெதிரே போனைச் சுத்தமாக அழித்துக் காட்டினார். வெளியே வந்ததும், அந்த முகமில்லாத பெண்களுக்காகவாவது வழக்குப் போட்டிருக்க வேண்டும் என்று தோன்றியது. திரும்பி உள்ளே போகக் கால் எழவில்லை. அந்தக் கோழைத்தனம் அவளுக்குத் தன்மேலேயே கூச்சத்தைக் கொடுத்தது. பல வருடம் கொடுத்தது.

ஒன்றை மட்டும் அவள் விடவில்லை. திண்டிவனம் பங்குச் சாமியாரைத் தனியாகப் பார்த்துச் சொன்னாள். அதற்கடுத்த ஞாயிறிலிருந்து ஆன்டனி வாசகம் வாசிக்கவில்லை. அவனுக்குத் தொண்டையில் கோளாறு என்று பங்கு மக்கள் பேசிக்கொண்டார்கள்.

ஜூன் மாதம், கொஞ்சம் பெரிதாகியிருந்ததால், முண்டியம்பாக்கத்தில் கட்டியை எடுத்தார்கள். கெட்ட கட்டி இல்லை. வார்டில் மூன்று நாளும் அம்சாதான் கூட இருந்தாள். ஓய்வறையில் செல்வி பேசியதை அவள் மறந்துவிடவில்லை. கஞ்சி ஊற்றிக் கொடுக்கும்போது ஒருதரம் சொல்லியும் காட்டினாள். செல்வி கேட்டுக்கொண்டாள். பிரியா ஆஸ்பத்திரிக்கு வரவில்லை.

அதன்பிறகு செல்வி படம் எடுப்பதையே விட்டாள். மாதத்தில் ஒருநாள் அந்தப் பட்டியலைத் திறந்து பார்ப்பாள். ஒரே ஒரு கருவிதான் இருக்கும். ஆனாலும் கீழே வரை தள்ளிப் பார்ப்பாள்.

இரண்டாயிரத்துப் பத்தொன்பதில் ஒருநாள் மதியம் பிரியா கூப்பிட்டாள். இரண்டு வருடத்தில் அது முதல் தடவை. நலம் விசாரிக்கவில்லை.

"அக்கா, எம் போனு வேற எதுலயாவது தொறந்துகினு இருக்குதான்னு எப்படிப் பாக்கறது?"

எங்கே போக வேண்டும், எதைத் தொட வேண்டும் என்று செல்வி வரிசையாகச் சொன்னாள். அந்தப் பக்கம் விரல் தட்டும் சத்தம் கேட்டது. இரண்டு கருவி இருக்கிறது, இன்னொன்றும் திண்டிவனம் என்றுதான் காட்டுகிறது என்றாள் பிரியா. தெரியாததைத் தொட்டு நீக்கு என்று சொல்லி, கடவுச்சொல் மாற்றும் வழியையும் சொல்லிக் கொடுத்தாள் செல்வி. பிரியா அழ ஆரம்பித்தாள்.

செல்விக்கு இரக்கம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. அந்தப் பழைய அருவருப்புதான் வந்தது. கவுன்ட்டர் முன்னால் பாசஞ்சர் ரயிலுக்குக் கூட்டம் சேர்ந்துவிட்டது, வைக்கிறேன் என்று சொன்னாள். சேர்ந்துதான் இருந்தது. போனை மேசை இழுப்பறைக்குள் போட்டுவிட்டு, முதலில் நின்றவரிடம் எந்த ஊருக்கு என்று கேட்டாள்.