தேர் வரும் தெருவில் ஒரு சர்வர்

விளையாட வந்த யாரையும் நான் முழுதாக நம்பியதில்லை. சர்வர் வைத்திருப்பவனுக்கு வரும் வியாதி அது.

கம்பெனிக்காரன் புது வெர்ஷன் விட்டு அந்த ஆன்லைன் விளையாட்டைக் குட்டிச்சுவராக்கிய நேரம். பழைய வெர்ஷனின் ஃபைல்களைத் தேடிப் பிடித்து, ராஜ வீதியில் எங்கள் வீட்டு முன்னறையில் சொந்தமாக சர்வர் ஓட்டினோம், நானும் சின்ன காஞ்சிபுரத்து நண்பன் ஒருவனும். அவன் அப்பா பெருமாள் புறப்பாட்டில் பிரபந்தம் சொல்லிப்போகும் கோஷ்டியில் இருப்பவர். பிள்ளையார்பாளையம் பிரவுசிங் சென்டரிலிருந்து ஒரு கூட்டமே விளையாட்டுக்குள் வரும்.

அந்த உலகத்தில் நெருப்புக் கத்தி ஒன்றே ஒன்றுதான். நண்பன் மாதக்கணக்கில் விளையாடி வென்றது. கருட சேவைக்கு மறுநாள் பார்த்தால், ஐயம்பேட்டைக்காரன் ஒருவன் கையிலும் அதே கத்தி. யார் கொடுத்தது என்று கேட்டால் வாயைத் திறக்கவில்லை.

பிரவுசிங் சென்டரில் என்னைப் பிடித்துக்கொண்டார்கள்.

"அட்மின் நீதான்பா. நீயே செஞ்சி குடுத்துட்டு, எங்களையே கேட்டுக்கினு இருக்கியா? இப்படின்னா நாங்க வரலப்பா."

பற்றிக்கொண்டு வந்தது எனக்கு. இவர்கள் போய்விட்டால் சர்வர் யாருக்கு?

அந்த வெர்ஷனில் ஓர் ஓட்டை உண்டு. விளையாட்டுக்குள் ஒருவன் தன் பெட்டகத்தில் வைக்கும் பொருள் உடனே பதிவாகும்; கைப்பை எப்போதாவதுதான் பதிவாகும். பெட்டகத்தில் வைத்த கையோடு சர்வர் அணைந்தால், பொருள் பெட்டகத்திலும் இருக்கும், கைப்பையின் பழைய பதிவிலும் இருக்கும்; ஒன்று இரண்டாகிவிடும். ஆனால் சர்வர் எப்போது அணையும் என்று முன்கூட்டியே தெரியவேண்டும். எங்கள் தெருவில் அது சாமி வரும்போதுதான். குடையும் தேரும் கம்பியில் இடிக்காமலிருக்கக் கரண்டை நிறுத்துவார்கள். யுபிஎஸ் பேட்டரியும் செத்துக் கிடந்தது.

தேரன்று நண்பனைக் கேட்டேன்: "நம்ம தெருவுக்கு எப்படா வரும்?"

"எனக்கு எப்படித் தெரியும்?"

வருஷா வருஷம் அவன் சொல்லித்தான் என் அம்மா தேங்காய்த் தட்டோடு வாசலுக்குப் போவாள். அவனுக்கா தெரியாது? அவன் திரையைப் பார்த்தபடி பக்கத்தில் உட்கார்ந்தேன். அவன் செல்போன் ஒருமுறை அடித்து நின்றது.

"யாருடா?"

"ராங் நம்பர்."

உடனே பெட்டகத்தைத் திறந்து கத்தியை உள்ளே வைத்தான். மேளச் சத்தம் தெருமுனையில் கேட்டது. கரண்ட் போனது. தேர் நெருங்கிவிட்டது என்று அவன் அப்பாவின் கோஷ்டியிலிருந்து வந்த மிஸ்டு கால்தான் அந்த ராங் நம்பர்.

"திருட்டுப் பயலே," என்றேன். "உன்னால என்னை ஊரே திருடன்னு சொல்லுது."

அவன் அசரவில்லை. "நீ அட்மின், கீபோர்டுல ஒரு வரி அடிச்சா நூறு கத்தி வரும். நீ அடிக்கலன்னு எனக்கு எப்படிடா தெரியும்? ஆரம்பத்துலருந்தே எனக்கு சந்தேகம்தான்."

நான் ஒரு கத்திகூடச் செய்துகொண்டதில்லை. அதை அவனிடம் எப்படி நிரூபிப்பது? இத்தனை நாள் பக்கத்திலேயே உட்கார்ந்து, என் விரல்களையா பார்த்துக்கொண்டிருந்தான்?

தேர் கடந்து போனது. கரண்ட் வந்தது. மெஷினைப் போட நானும் எழுந்திருக்கவில்லை, அவனும் எழுந்திருக்கவில்லை.