ரஷ்ய அம்மையாரும் லயத்து மனுவும்

மூன்று வருடமாக எனக்கு ஒரு ரஷ்ய நாடாளுமன்ற உறுப்பினர்மேல் பைத்தியம். எனக்கு ரஷ்ய மொழி தெரியாது, அந்த அம்மாவுக்கு என்னைத் தெரியாது. மலேசியாவில், ஈப்போவில் ஓர் ஐம்பத்து மூன்று வயது வழுக்கையன், கைலியோடு உட்கார்ந்து, அவருடைய அவைப் பேச்சுகளை யூடியூபில் அரைகுறை இயந்திர மொழிபெயர்ப்போடு பார்த்துக் கண் கலங்குவான். என் மனைவிக்கு எல்லாம் தெரியும். அவள் பொறாமைப்படவே இல்லை என்பதுதான் அவமானம்.

அவர் நெசவாலை ஊர் ஒன்றில் கணக்கு ஆசிரியையாக இருந்தவர். ஆலையை மூடிவிட்டு, அதன் விடுதியில் குடியிருந்தவர்களை வெளியேற்றப் பார்த்தார்கள். அவர்களுக்காக நகரசபைக்குப் போனார், அங்கிருந்து நாடாளுமன்றத்துக்கு. ஒவ்வொரு கூட்டத்தொடரிலும் அதே விடுதிக்காக எழுந்து நிற்பார். நேரம் முடிந்ததும் ஒலிவாங்கியை அணைத்துவிடுவார்கள். அவர் நிறுத்தமாட்டார். உதடு மட்டும் அசைந்துகொண்டிருக்கும். எனக்குக் கண்ணீர் வருவது அந்த இடத்தில்தான். கட்சி அவரைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பின்வரிசைக்குத் தள்ளியது. கடைசித் தேர்தலில் பட்டியலிலேயே அவர் பெயர் இல்லை.

இதை எனக்குள்ளேயே வைத்துக்கொண்டு செத்திருக்கலாம். ஆனால் எனக்கு நன்றாக மலாய் எழுதுகிறவன் என்றொரு கெட்ட பெயர் உண்டு. கோலா கங்சார் பக்கத்துப் பழைய ரப்பர்த் தோட்டத்திலிருந்து ஓர் அக்கா என்னைத் தேடி வந்தார். ரப்பர் போய்ப் பல காலமாகிறது. தொழிலாளர் வரிசை வீடுகளான லயம் மட்டும் நின்றது, இருபத்திரண்டு குடும்பங்களோடு.

"அண்ணே, கம்பெனிக்காரன் சூராட் எழுதிக் குடுத்துட்டான். மாசக் கடைசிக்குள்ள லயத்தக் காலி பண்ணணுமாம். ஒய்பி சட்டசபையில பேசுறேன்னு சொல்லிட்டாங்க. மலாய்ல எழுதிக் கேக்குறாங்க."

ஒய்பி என்பது அந்தத் தொகுதிச் சட்டமன்ற உறுப்பினர். அவரும் பெண்தான். எழுதிக் கொடுத்ததை முதல் வரியிலிருந்து ஒரு சொல் விடாமல் நிறுத்தி நிதானமாக வாசிப்பார். எழுதுகிறவனை இவ்வளவு மதிக்கும் அரசியல்வாதியை நான் பார்த்ததில்லை.

கேட்க வேண்டியது அரைப் பக்கம். மாற்று நிலம் எப்போது, அதுவரை வெளியேற்றத்தை அரசு நிறுத்தி வைக்குமா? நான் எழுதியது நான்கு பக்கம். முதல் இரண்டு பக்கமும் ரஷ்யா. ஒரு பெண் உறுப்பினர் இன்னொரு பெண் உறுப்பினரின் வாழ்க்கையைச் சொல்லி எழுந்தால் அவை உருகிவிடும் என்று நம்பினேன். அக்காவுக்குத் தமிழில் படித்துக் காட்டினேன்.

"நல்லாருக்குண்ணே. நம்ம லயம் எங்க வருது?"

"மூணாவது பக்கத்துல வரும்க்கா. மொதல்ல சபையத் தயார் பண்ணணும்."

"சபைக்கு அவ்வளவு நேரம் இருக்குமாண்ணே?"

எழுத்தின் நுட்பம் இவருக்கு எங்கே தெரியப்போகிறது என்று நினைத்துக்கொண்டேன்.

ஒய்பி பேசவிருந்த அன்று காலை தோட்டத்துக் கோயில் மண்டபத்தில் தொலைக்காட்சி வைத்து எல்லோரும் நேரலை பார்த்தோம். அக்கா ஜெலாப்பாங் தொழிற்சாலை வேலைக்கு லீவு போட்டிருந்தார். ஒய்பி எழுந்தார். நெசவாலையை வாசித்தார், விடுதியை வாசித்தார், பனியைக்கூட வாசித்தார். எதிர்வரிசையில் ஒருவர், அந்த ஊர் நம் பேராக் மாநிலத்தில் எந்த மாவட்டம் என்று கேட்டார். அவை சிரித்தது. மூன்றாம் பக்கத்தைத் திருப்பும்போது சபாநாயகர் நேரம் முடிந்தது என்றார். ஒலிவாங்கி அணைந்தது. ஒய்பி புன்னகைத்துத் தலை குனிந்து உட்கார்ந்துவிட்டார். உதடு அசையவில்லை. அவரைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை.

கேள்வி எழுப்பியவர்களுக்கெல்லாம் மறுநாள் அரசுத் தரப்பில் பதில் வந்தது. எங்கள் லயத்தின் பெயர் அவையில் ஒலிக்கவே இல்லை. கேட்காத கேள்விக்குப் பதில் சொல்ல யாருக்கும் கடமையில்லை. அடுத்த கூட்டத்தொடர் மாசக் கடைசிக்கு அப்புறம்.

மண்டபத்தில் ஒருவரும் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் வீட்டுக்குப் போய் நிம்மதியாகச் சாப்பிட்டிருப்பேன்.

லாரிகள் வந்த அன்று நானும் போனேன். பரிகாரமாக ஒரு மின்விசிறியைத் தூக்கிக் கொடுத்தேன். சிலர் ஜெலாப்பாங்கில் வாடகை வீட்டுக்குப் போனார்கள், சிலர் தெலுக் இந்தானில் சொந்தக்காரர்களிடம். பக்கத்துப் பக்கத்து வீட்டில் பிறந்து வளர்ந்தவர்கள் ஆளுக்கொரு திசையில் லாரி ஏறினார்கள். அக்கா முன் இருக்கையில், மடியில் சாமிப் படத்தோடு உட்கார்ந்திருந்தார். மன்னிப்புக் கேட்கலாம் என்று கிட்டே போனேன். வாயைத் திறப்பதற்குள் அவரே பேசினார்.

"விடுங்கண்ணே. அந்த ரஷ்யாக்காரம்மா ஆளுங்களுக்காவது கடைசியில வீடு கெடச்சிச்சா?"

எனக்குத் தெரியாது. ஒரு நாளும் தேடிப் பார்த்ததில்லை. அதைச் சொன்னேன்.

அக்கா சன்னலுக்கு வெளியே தலையை நீட்டினார். லாரி கிளம்பியது.

"அப்ப இவ்ளோ நாளா என்னத்தண்ணே பாத்துக்கிட்டு இருந்தீங்க?"