ஊரிகத்தில் ஊதிய சங்கு

அவனை நினைத்தால் இன்றைக்கும் குமட்டுகிறது. பழைய சினிமாக்களை வெட்டி ஒட்டிப் புதுப் படம் செய்கிறவன் என்று பெங்களூரிலிருந்து எங்கள் தங்கச் சுரங்க ஊரான ஊரிகத்துக்கு வந்தான். ஷிப்ட் மாறும்போது ஊதும் எங்கள் சுரங்கத்துச் சங்கின் சத்தத்தை முன்பே ஒருமுறை வந்து பதிவு செய்துகொண்டு போயிருந்தான்.

பள்ளிக்கூட ஹாலில் சுரங்கத் தொழிலாளர் லைன் வீட்டுப் பெண்களைக் கூட்டிப் படம் போட்டான். ஏதோ ஒரு பழைய கதாநாயகியின் அழுகை, அதே அழுகை, திரும்பத் திரும்ப வந்தது. நாங்கள் கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தோம். திடீரென்று அந்த அழுகையின் மேல் சங்கு அலறியது.

ஷிப்ட் மாறாத நேரத்தில் சங்கு ஊதினால் சுரங்கத்தில் விபத்து என்று அர்த்தம். என் புருஷன் அப்போது கீழே வேலையில் இருந்தார். பிள்ளையை இடுப்பில் இடுக்கிக்கொண்டு எல்லோரோடும் சுரங்கத்தில் இறங்கும் ஷாப்டுக்கு ஓடினேன்.

"இன்னாத்துக்கும்மா ஓடியாறீங்க? சங்கே ஊதலியே!" என்றார் கேட்டில் இருந்த வாட்ச்மேன்.

மூச்சு வாங்கத் திரும்பி வந்தோம். அந்த ஜென்மம் ஹால் வாசலில் கேமராவோடு இளித்துக்கொண்டு நின்றது. நாங்கள் ஓடுவோம் என்று தெரிந்தே காத்திருந்து படம் பிடித்திருக்கிறான். மன்னிப்பாவது கேட்பான் என்று பார்த்தேன்.

"பிரமாதம்மா! ஆனா கேமரா கொஞ்சம் ஆடிடுச்சு. இன்னொரு தடவை அதே மாதிரி ஓடுறீங்களா?" என்றான்.