பொன்னாடைக்குப் பின்னால் என் முகம்

எங்கள் சங்கத் தலைவர் என் முகத்தை மூடினார். கை தவறி மூடவில்லை, வேண்டுமென்றே மூடினார். அதுவும் எனக்குப் போர்த்துவதற்கென்று வாங்கி வைத்திருந்த பொன்னாடையாலேயே மூடினார்.

நான் பாரிஸில் இருந்த காலத்தில் பிரெஞ்சுப் படங்களில் துணை நடிகையாக இருந்தேன். தமிழ்க் கடைகள் நிறைந்த லாசப்பலில் ஒரு சாப்பாட்டுக் கடையில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தபோது படக்காரி ஒருத்தி வந்து, அழத் தெரியுமா என்று கேட்டாள். அகதியாக வந்தவளிடம் கேட்கிற கேள்வியா அது? அன்றிலிருந்து வீடு கூட்டுகிறவள், பிள்ளை பார்க்கிறவள், ஆஸ்பத்திரி வராந்தாவில் அழுகிற தாய் என்று வந்ததெல்லாம் நடித்தேன். ஒரு படத்தில் பிணம். இயக்குநர்கள் என்னிடம் அடிக்கடி சொன்னது ஒன்றுதான்: உன் பிரெஞ்சு நன்றாக இருக்கிறது, கொஞ்சம் கெடுத்துப் பேசு.

பிறகு மகளின் படிப்புக்காக லண்டன் வந்து கோலியர்ஸ் வுட்டில் குடியேறினோம். இங்கே என் புருசனின் தங்கை, அதாவது என் மச்சாள், எனக்கு முன்பே ஒரு கதையைப் பரப்பி வைத்திருந்தாள். நான் நடிகை இல்லையாம், படக் கம்பனியில் கூட்டித் துடைத்தவளாம். கலியாண வீடு, சாமத்திய வீடு எங்கே போனாலும் இந்தக் கதை எனக்கு முன்னால் போய்க் கதிரை போட்டு உட்கார்ந்திருந்தது. போனில் ஒரு காட்சியைப் போட்டுக் காட்டினேன். “இப்ப போனில என்னவும் செய்யலாம் மச்சாள்” என்றாள்.

அதனால்தான் சங்கத் தலைவர் கிங்ஸ்பரி மண்டபத்தில் ஆண்டு விழாவில் என்னைக் கௌரவிக்கப்போவதாகச் சொன்னபோது ஒப்புக்கொண்டேன். எனக்குப் பொன்னாடை வேண்டாம், திரைதான் வேண்டும் என்றேன். இரண்டு காட்சிகளைத் தெரிவுசெய்து கொடுத்தேன். முதலில் தான் பார்க்கவேண்டும், குடும்பமாக வருகிற சனம் என்று வாங்கிக்கொண்டு போனார். பார்த்துவிட்டு, பிரச்சினை இல்லை என்றார்.

விழாவன்று மச்சாள் குரோய்டனிலிருந்து வந்து முன் வரிசையில் இருந்தாள்.

முதல் காட்சியில் நான் செத்த மகனுக்காக அழுகிறேன். அன்று இயக்குநர், உன் பாஷையில் என்னவாவது சொல்லி அழு, யாருக்கும் விளங்காது என்றிருந்தார். நானும் நெஞ்சில் அடித்துக்கொண்டு, “ஐயோ, சொதிக்கு உப்புக் காணாதே, தேங்காய்ப்பால் திரைஞ்சு போச்சே” என்று கதறியிருந்தேன். கீழே பிரெஞ்சில் ‘என் மகனே, என்னை விட்டுப் போனாயே’ என்று எழுத்து ஓடும். பாரிஸில் அதைப் பார்த்து மூக்குச் சிந்தினார்கள். கிங்ஸ்பரியில் கதிரையிலிருந்து விழுந்து சிரித்தார்கள். சிரிக்கட்டும், அழுகை சரியாகத்தானே இருந்தது.

இரண்டாவதுதான் என் காட்சி. ஹோட்டல் அறையில் கதாநாயகனும் கதாநாயகியும் கட்டிலில் படுத்திருக்கிறார்கள். நான் துடைப்பத்தோடு கதவைத் திறக்கிறேன். அவர்கள் என்னைக் கணக்கில் எடுக்கவில்லை. அப்போது நான், கெடுக்காத பிரெஞ்சில், ஆற அமரச் சொல்கிறேன்: “இந்த அறையில் அழுதுவிட்டுப் போன எல்லாருடைய குப்பையையும் நான்தான் அள்ளினேன். உங்கள் இரண்டு பேரையும் பார்த்தால் நாளைக்கு எனக்கு வேலை கூடும்போல இருக்கிறது.” அந்த இடத்தில் பாரிஸ் தியேட்டர் கை தட்டியது. நான் டிக்கெட் எடுத்துப் பின் வரிசையில் இருந்து கேட்ட கைதட்டல் அது.

கிங்ஸ்பரியில் கதாநாயகியின் தோள் தெரிந்ததுதான் தாமதம், தலைவர் எழும்பினார். தட்டில் இருந்த பொன்னாடையை விரித்து புரொஜெக்டருக்கு முன்னால் பிடித்தார். மறு கையால் சத்தத்தைக் குறைக்கச் சொன்னார். சுவர் இருண்டது. படம் முழுவதும் சரிகையில் விழுந்தது. அவர் பொன்னாடையை எடுத்தபோது என் வசனம் முடிந்து, கதவு சாத்தி, நான் முதுகைக் காட்டிக்கொண்டு வராந்தாவைத் துடைத்துக்கொண்டு போனேன். அதை மட்டும் சனம் முழுதாகப் பார்த்தது.

சூடு ஆறாத அதே பொன்னாடையை என் தோளில் போர்த்தி, பிரெஞ்சுச் சினிமாவின் நட்சத்திரம் என்று மைக்கில் முழங்கினார். இதே ஆள் அரைமணிக்கு முன்னர், சின்னப் பிள்ளைகள் இடுப்பை வெட்டி வெட்டி ஆடிய சினிமாப் பாட்டுக்குக் கப் கொடுத்தவர்.

இடைவேளையில் தின்ன ரோல்ஸ் வாங்க வரிசையில் நின்றபோது மச்சாள் பக்கத்தில் வந்தாள்.

“துடைச்சது நல்லா இருந்தது மச்சாள். நடிச்ச மாதிரியே இல்லை.”

நேரே தலைவரிடம் போனேன். அவர் தேத்தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார்.

“அண்ணை, அந்தக் கட்டிலில நான் இல்லையே. நான் வாசலிலதானே நிக்கிறன்.”

“பிள்ளையள் இருக்கினம் தங்கச்சி. நாளைக்கு சனம் என்னைத்தான் கேக்கும்.” பிறகு சுற்றிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். “ஆனா உண்மையைச் சொன்னா, நான் வீட்டில அதைத் திருப்பித் திருப்பிப் போட்டுப் பாத்தனான். நீர் வசனம் சொல்லேக்க மற்ற ரெண்டு பேரையும் ஆர் பாக்கினம்? அருமையான நடிப்பு.”

காதுக்குள் சொன்னார். மைக் அவர் சட்டைப் பையில் குத்தியிருந்தது, நிறுத்தியிருந்தார்.

தலைவரே, அந்த மண்டபத்தில் என் காட்சியைப் பார்த்த ஒரே ஆள் நீங்கள்தான். பார்க்கவிடாமல் செய்தவரும் நீங்கள்தான். அடுத்த கூட்டத்தில் மேடையில் ஏறி, மைக்கைப் போட்டு, முன் வரிசையில் என் மச்சாள் இருக்கத்தக்கதாகப் பதில் சொல்லுங்கள்: நான் நடித்தேனா, துடைத்தேனா?

என் காதுக்குள் சொன்ன பதிலை நான் ஏற்கமாட்டேன்.